தந்தையைத் தேடும் மகள்: மார்த்தா மேசாரோஸின் திரைப்படங்கள்

ஹங்கேரி மக்கள் தம் பெயரை எழுதும்போது குடும்பப் பெயரை முன்னும் சொந்தப் பெயரைப் பின்னும் வைப்பார்கள். ஐரோப்பாவில் இவ்வழக்கம் அரிது. தகப்பன் பெயரை முன்னே நிறுத்தி எழுதும் எமக்கோ அது அந்நியமாகத் தோன்றாது. உலகம் மார்த்தா மேசாரோஸ் என்று அறிந்திருக்கும் திரைப்பட நெறியாளர், தம் நாட்டில் மேசாரோஸ் மார்த்தா என்றே அழைக்கப்படுகிறார். தந்தையின் பெயர் முன்னே செல்ல, மகளின் பெயர் அதனைப் பின்தொடர்கிறது. அவருடைய வாழ்க்கையும் கலையும் அவ்வாறே அமைந்துவிட்டன. ஆறேழு வயதில் தந்தையைப் பறிகொடுத்த ஒரு சிறுமி, அரை நூற்றாண்டுக்கு மேலாக, அவர் எங்கே என்று கேட்டுக்கொண்டிருந்தாள். அக்கேள்வியைக் கேட்க அவள் தேர்ந்துகொண்ட கருவி கெமரா.

இவரைப் பற்றி எழுத முனைந்ததற்கு ஒரு காரணம் உண்டு. சோஷலிசத்தின் பெயரால் இழைக்கப்பட்ட கொடுமைகளைப் பேசும் கலைப்படைப்பு ஒன்று வந்துவிட்டால், எம்மைச் சூழ உள்ளோரிடையே இருவகைப் போக்குகள் தலைதூக்கக் காண்கிறோம். ஒரு சாரார், இஃது எதிரிகளின் பிரசாரம் என்று கூறி முகத்தைத் திருப்பிக் கொள்வர். மற்றொரு சாரார், பார்த்தீர்களா, ஏழைகளின் விடுதலை என்று பேசியதெல்லாம் பொய்யே என்று கைகொட்டுவர். இரண்டுமே படத்தைப் பாராமலே சொல்லத்தக்க தீர்ப்புக்கள். மேசாரோஸின் படங்கள் இவ்விரு சாராருக்கும் வசதியானவையல்ல. அவை வேறொரு திசையிலிருந்து, தொழிலாளியின் பக்கத்தில் நின்று, தன் வீட்டுக்குள் நடந்ததைப் பற்றித் தன் வீட்டாரிடமே கேட்கும் ஒரு பெண்ணின் குரலாக வருகின்றன.

அந்த வீடு எவ்வாறு உருவாகியது என்பதை முதலிற் கூறவேண்டும். 1919 ஆம் ஆண்டில் ஹங்கேரியில் பெலா குன் தலைமையில் ஒரு சோவியத் குடியரசு தோன்றி 133 நாட்கள் நின்றது. அது வீழ்த்தப்பட்டபின் வந்த ஹோர்த்தியின் ஆட்சி இடதுசாரிகளை வேட்டையாடியது. அந்நிழலில் வளர்ந்த கலைஞர்களுள் ஒருவர் லாஸ்லோ மேசாரோஸ் என்ற சிற்பி. 1905 இல் பிறந்தவர். 1930 இல் அவர் வடித்த 'ஊதாரி மைந்தன்' என்ற சிலை அவருக்குப் புகழ் தந்தது. 1931 செப்டெம்பர் 19 ஆம் திகதி புடாபெஸ்டில் அவருக்கு மகள் பிறந்தாள். வேலையின்மையும் பாசிசத்தின் எழுச்சியும் நெருக்கிய 1930களின் நடுப்பகுதியில், தொழிலாளரின் நாடு என்று தாம் நம்பிய சோவியத் யூனியனுக்கு அவர் குடும்பத்தோடு சென்றார். மத்திய ஆசியாவிலுள்ள கிர்கீசியாவில், அன்று ஃபுரூன்சே என்றும் இன்று பிஷ்கெக் என்றும் வழங்கும் நகரில், சிற்பத் தொழிலை மேற்கொண்டார்.

1938 இல் அவர் கைது செய்யப்பட்டார். பின்னர் வீடு திரும்பவில்லை. விவிலியக் கதையில் ஊதாரி மைந்தன் வீடு திரும்புகிறான், தந்தை அவனைக் கட்டித் தழுவுகிறார். அச்சிலையை வடித்தவரோ திரும்பவேயில்லை. 1919 இன் தலைவர் பெலா குன்னும் அதே ஆண்டிலேதான் மொஸ்கோவிற் சுட்டுக் கொல்லப்பட்டார். ஹோர்த்தியின் காவலர்களால் முடிக்க முடியாத காரியத்தை ஸ்டாலினின் காவலர்கள் முடித்தார்கள் என்று எழுதுவது கசப்பானதுதான். ஆயினும் நடந்தது அதுவே.

கிர்கீசியா என்றதும் எமது வாசகர் பலருக்கு சிங்கிஸ் ஐத்மாத்தவின் நினைவு வரும். மொஸ்கோவிலிருந்து தமிழில் வந்த மலிவு விலைப் புத்தகங்களின் வழியே 'ஜமீலா'வைப் படித்து, அந்த மலைகளையும் புல்வெளிகளையும் மனத்திற் கண்டவர்கள் நாம். ஐத்மாத்தவின் தந்தையும் அதே 1938 இல், அதே நகருக்கு அண்மையிலே சுடப்பட்டார். அவருடைய எலும்புகள் ஒரு பொதுக் குழியிலிருந்து 1991 இலேதான் எடுக்கப்பட்டன. ஒரே ஊரில், ஒரே ஆண்டில், ஒரே ஆட்சியால் தந்தையை இழந்த இரு பிள்ளைகளில் ஒருவர் எழுத்தாளராகவும் மற்றவர் நெறியாளராகவும் வளர்ந்தனர். இருவரும் அந்த மண்ணை வெறுக்கவில்லை என்பதையும் இங்கு குறிப்பிடல் வேண்டும்.

போர்க்காலத்தில் மார்த்தாவின் தாயும் இறந்தார். சிறுமி சோவியத் அனாதை விடுதியிற் சில காலமும் வளர்ப்புத் தாயிடம் சில காலமும் இருந்து, 1946 இல் ஹங்கேரிக்கு மீண்டாள். பின்னர் மறுபடியும் மொஸ்கோ சென்று, அங்குள்ள அரசுத் திரைப்படக் கல்லூரியிற் பயின்று 1956 இல் வெளியேறினார். தந்தையை விழுங்கிய நாடே மகளுக்குக் கலையைக் கற்பித்தது. இவ்விரண்டு உண்மைகளுள் ஒன்றை மறைத்து மற்றதை மட்டும் பேசுவது அவரால் இயலாத காரியம். அவர் படங்களின் தனித்தன்மை இங்கேதான் தொடங்குகிறது என்பது எமது எண்ணம்.

முதற் பத்துப் பன்னிரண்டு ஆண்டுகள் செய்திப்படங்களும் குறும்படங்களுமாகக் கழிந்தன. சில காலம் புக்காரெஸ்டில் வேலை செய்தார். 1960 அளவில் மிக்லோஸ் யாஞ்சோ என்னும் நெறியாளரை மணந்தார். அம்மணம் பின்னர் முறிந்தது. யாஞ்சோவின் படங்களை அறிந்தோர்க்கு அவருடைய பாணி தெரியும்: பரந்த வெளி, குதிரைகள், வரிசையாக நிறுத்தப்பட்ட மனிதர், நிமிடக்கணக்கில் அறுபடாது நகரும் கெமரா. வரலாற்றை அவர் மேட்டிலிருந்து நோக்கினார். மேசாரோஸ் அதே வரலாற்றைச் சமையலறையிலிருந்தும், தொழிற்சாலை வாயிலிலிருந்தும், விடுதிக் கட்டிலிலிருந்தும் பார்த்தார். உலக விமரிசகர் யாஞ்சோவையே நெடுங்காலம் உயர்த்திப் பேசினர். நாமோ, இரண்டு பார்வைகளும் வேண்டும் என்போம். ஆனால் ஒன்றைத்தான் தெரிவு செய்யலாம் என்றால் சமையலறையையே தெரிவு செய்வோம்.

1968 இல் வெளிவந்த 'பெண்' என்ற படம் மேசாரோஸின் முதல் முழுநீளக் கதைப்படம். அரசு விடுதியில் வளர்ந்த ஓர் ஆலைத் தொழிலாளி, தன்னைப் பெற்றவளைத் தேடிக் கிராமத்துக்குச் செல்கிறாள். தாயோ அவளைத் தன் மகள் என்று சொல்ல அஞ்சி, உறவுக்காரப் பெண் என்று கணவனிடம் அறிமுகம் செய்கிறாள். அன்று ஹங்கேரியிற் புகழ்பெற்றிருந்த பாடகி கத்தி கோவாச் அவ்வேடத்தை ஏற்றார். 1973 இல் வந்த மற்றொரு படத்தில், நெசவாலையில் வேலை செய்யும் ஒருத்தி பல்கலைக்கழக மாணவன் ஒருவனைக் காதலிக்கிறாள். அவனிடம் தானும் மாணவி என்று பொய் சொல்கிறாள். தொழிலாளர் ஆட்சி நடைபெறும் நாடு அது. அங்கே ஒரு தொழிலாளி, தான் தொழிலாளி என்பதை மறைக்க வேண்டியிருக்கிறது! இப்படத்தில் மேடைப்பேச்சு ஒன்றுமில்லை. அப்பொய் ஒன்றே போதும்; புத்தகத்தில் ஒழிந்த வர்க்கபேதம் உணவு மேசையில் எவ்வாறு உயிரோடிருக்கிறது என்பதை அது காட்டிவிடுகிறது.

'தத்தெடுப்பு' 1975 இல் வந்தது. பேர்லின் திரைப்பட விழாவில் தங்கக் கரடிப் பரிசை வென்றது. அப்பரிசைப் பெற்ற முதற் பெண் நெறியாளர் இவரே. கதை மிகச் சிறியது. கத்தா என்னும் நாற்பதைக் கடந்த விதவை மரவேலைத் தொழிற்சாலையொன்றில் உழைக்கிறாள். அவளுக்கு ஒரு காதலன் உண்டு. அவன் மனைவியும் பிள்ளைகளும் உடையவன். தனக்கு ஒரு குழந்தை வேண்டும் என்று கத்தா கேட்கிறாள். அவன் மறுக்கிறான். ஒருநாள் அவளைத் தன் வீட்டுக்கு அழைத்துச் சென்று, கூட வேலை செய்பவள் என்று மனைவியிடம் அறிமுகப்படுத்தவும் அவன் கூசவில்லை. இதற்கிடையே பெற்றோரால் கைவிடப்பட்டு விடுதியில் வாழும் அன்னா என்ற இளம்பெண் கத்தாவின் வீட்டுக்கு வரத் தொடங்குகிறாள். இருவருக்குமிடையே தாய்-மகள் உறவு போன்றும் தோழமை போன்றும் பெயரிட முடியாத ஒன்று வளர்கிறது. அன்னாவுக்கு அவள் விரும்பியவனை மணமுடித்து வைக்கக் கத்தா அலைகிறாள். தனக்காகவோ விடுதியிலிருந்து ஒரு சிசுவைத் தத்தெடுக்கிறாள்.

லயோஷ் கொல்த்தாயின் கெமரா இப்படத்தில் முகங்களை விட்டு அகல்வதில்லை. கத்தாவாக நடித்த கத்தலின் பெரெக்கின் முகத்தை, அதன் களைப்பையும் கோடுகளையும் மறைக்காது, கறுப்பு வெள்ளையில் அது காட்டுகிறது. உழைத்துக் களைத்த, அழகி என்று எவராலும் அழைக்கப்படாத ஒரு பெண்ணின் முகத்தை இவ்வளவு நேரம் இவ்வளவு மரியாதையோடு பார்த்த படங்கள் எத்தனை? கதாநாயகியின் கண்ணீரையும் கூந்தலையும் மட்டுமே கண்டு பழகிய எமது இரசிகருக்கு இது முதலிற் சலிப்பைத் தரலாம். அரைமணி நேரம் பொறுத்திருந்தால் அம்முகத்திலிருந்து கண்ணை எடுக்க முடியாது போகும். இறுதியிற் கத்தா சிசுவை மார்போடு அணைத்துக்கொண்டு பஸ்ஸைப் பிடிக்க விரைகிறாள். கணவனும் இல்லை, காதலனும் இல்லை. இஃது இன்பமான முடிவு என்றும் சொல்வதற்கில்லை, துன்பமான முடிவு என்றும் சொல்வதற்கில்லை. அடுத்த நாளும் அவள் தொழிற்சாலைக்குச் செல்லவேண்டும், அவ்வளவே.

அடுத்த ஆண்டில் வெளிவந்த 'ஒன்பது மாதங்கள்' இன்னும் துணிச்சலானது. தொழிற்சாலை மேற்பார்வையாளன் ஒருவன் காதலிக்கும் பெண்ணை லிலி மொனோரி ஏற்று நடித்தார். ஏலவே ஒரு பிள்ளைக்குத் தாயான அவள், படிப்பையும் விடமாட்டேன், அப்பிள்ளையையும் மறைக்கமாட்டேன் என்கிறாள். படத்தின் முடிவில் வரும் பிரசவம் நடிப்பன்று. நடிகை மெய்யாகவே குழந்தை பெறும் காட்சி அது. விளம்பரத்துக்காகச் செய்த காரியம் என்று இதனைத் தள்ளிவிடலாகாது. பிள்ளை பெறுதலும் உழைப்பே, அதனைத் திரை மறைத்தது போதும் என்பதே அக்காட்சியின் பொருள் என நாம் கொள்கிறோம். அப்படத்தில் மேற்பார்வையாளனாக நடித்தவர் போலந்து நடிகர் யான் நொவிட்ஸ்கி. இப்பெயரை வாசகர் நினைவில் வைத்திருத்தல் வேண்டும்.

இவ்வளவு காலமும் மேசாரோஸ் அனாதைகளைப் பற்றியும் தாய் தேடும் பெண்களைப் பற்றியும் படம் எடுத்தாரேயன்றி, தம் சொந்தக் கதையைத் தொடவில்லை. தொடுவதற்கு இடமும் இருக்கவில்லை. காடாரின் ஆட்சியிற் பண்பாட்டுத் துறையைக் கையில் வைத்திருந்தவர் கியோர்கி ஆட்செல். ஆதரித்தல், பொறுத்தல், தடுத்தல் என்று கலைப்படைப்புக்களை மூன்றாகப் பிரித்து ஆள்வது அவர் முறை. ஹங்கேரிய மொழியில் மூன்று சொற்களும் ஒரே எழுத்தில் தொடங்குவதால் மக்கள் அதனை வேடிக்கையாகவும் கூறிவந்தனர். ஏனைய கிழக்கு ஐரோப்பிய நாடுகளை நோக்க இது தளர்ந்த பிடியே. எனினும் தலைவர்கள் தாமே கைநனைத்த காலத்தைப் பற்றிப் பேசுவது எளிதன்று. 'என் பிள்ளைகளுக்கான நாட்குறிப்பு' 1982 இல் உருவாகியும், அதிகாரிகளின் தயக்கத்தைத் தாண்டி 1984 இலேதான் வெளியுலகைக் கண்டது. அவ்வாண்டே கான் விழாவில் நடுவர் குழுவின் சிறப்புப் பரிசை வென்றது.

1947 இல் யூலி என்னும் சிறுமி, தன்னை வளர்த்த முதியவர் இருவருடன் சோவியத் நாட்டிலிருந்து விமானத்தில் வந்திறங்குகிறாள். தந்தை கைது செய்யப்பட்டவர்; தாய் இறந்துவிட்டாள். அவளைப் பொறுப்பேற்பவள் மக்டா. கட்சியின் பழைய போராளி, இப்பொழுது செல்வாக்குள்ளவள். வசதியான வீடும் உணவும் பள்ளிக்கூடமும் மக்டாவாற் கிடைக்கின்றன. யூலி அவளைத் தாயாக ஏற்க மறுக்கிறாள். பள்ளிக்கூடத்தை ஒளித்து, மக்டாவின் இலவச அனுமதிச் சீட்டைக் காட்டிப் படமாளிகைகளிற் பொழுதைக் கழிக்கிறாள். தந்தையின் நினைவு வரும்போதெல்லாம் ஒளி நிறைந்த கற்குழியொன்று தோன்றுகிறது. அங்கே வெண்கல்லைச் செதுக்கும் தந்தை. மக்டாவின் பழைய தோழன் யானோஷின் முகத்தில் யூலி அத்தந்தையைக் காண்கிறாள். நாமும் காண்கிறோம், ஏனெனில் இருவராகவும் நடிப்பவர் நொவிட்ஸ்கியே. மக்டாவோ படிப்படியாக உயர்ந்து சிறைச்சாலையொன்றின் தலைவியாகிறாள். யானோஷ் கைது செய்யப்படுகிறான். படத்தின் கெமராவைப் பிடித்தவர் யாஞ்சோவின் மகன் நிகா என்பதையும் சொல்லிவைப்போம். அக்காலத்துச் செய்திப்படத் துண்டுகள் கதையோடு கலந்து வருகின்றன: கொடிகள், ஊர்வலங்கள், கைதட்டல்கள். அக்கைதட்டலுக்கும் யூலியின் மௌனத்துக்கும் இடையிலேதான் முழுப்படமும் நடைபெறுகிறது.

இப்படத்தை மாணவர் சிலருடன் அமர்ந்து ஒருமுறை பார்த்தோம். முடிந்ததும் ஒரு மாணவி, "மக்டா கெட்டவளா, சேர்?" என்று கேட்டாள். எளிதில் விடை சொல்லக்கூடிய கேள்வியன்று. மக்டா பிள்ளையைப் பட்டினி போடவில்லை, அடிமையாக நடத்தவில்லை, தன் வழியில் அவளை நேசிக்கவும் செய்கிறாள். முந்திய ஆட்சியின் கீழ் இன்னற்பட்டவள். அந்த இன்னல்களுக்குப் பொருள் இருக்கவேண்டுமாயின் கட்சி தவறு செய்திருக்கக் கூடாது. கட்சி தவறு செய்யவில்லையாயின் கைதானவன் குற்றவாளியாகத்தான் இருக்கவேண்டும். இந்தத் தர்க்கத்தைக் கொண்டு அவள் தன்னைத் தானே பூட்டிக்கொள்கிறாள். பின்பு சாவியோடு மற்றவர்களிடம் வருகிறாள். போலந்து நடிகை அன்னா பொலொனி அவளை ஒரு பூதமாகக் காட்டாமல் விறைத்துப்போன ஒரு மனுஷியாகக் காட்டியதே இப்படத்தின் பெருஞ் சாதனை. பூதமாகக் காட்டியிருந்தால் நாம் நிம்மதியாக வீடு சென்றிருப்போம்.

வேறொரு மாணவன் கேட்டது இதைவிடச் சுருக்கமானது: "தகப்பன் செத்துப்போனார் எண்டு ஏன் அந்தப் பிள்ளைக்கு ஒருத்தரும் சொல்லேல்லை?" எவரும் உடனே விடை கூறவில்லை. மறுமொழி கிடையாத கடதாசிகளோடு ஆண்டுக்கணக்கிற் காத்திருப்பது என்னவென்று அங்கிருந்தோருட் சிலருக்கு எவரும் விளங்கப்படுத்த வேண்டியிருக்கவில்லை. இறந்தார் என்றால் அழலாம். குற்றவாளி என்றால் வெட்கப்படலாம் அல்லது எதிர்த்து நிற்கலாம். அப்படியொருவர் இருந்ததையே பேசாதே என்னும்போது பிள்ளை என்ன செய்வாள்? யூலி நாட்குறிப்பு எழுதுகிறாள். பின்னர் படம் எடுக்கக் கற்றுக்கொள்கிறாள்.

அக்கல்வி இரண்டாம் பாகத்தில் வருகிறது. 'என் காதலர்களுக்கான நாட்குறிப்பு' 1987 இல் வெளிவந்து பேர்லினில் வெள்ளிக் கரடியைப் பெற்றது. யூலி மொஸ்கோவில் திரைப்படம் பயில்கிறாள். கூடவே தந்தையைப் பற்றி அலுவலகம் அலுவலகமாக விசாரிக்கிறாள். ஸ்டாலின் 1953 இல் மறைந்து, 1956 பெப்ரவரியில் இருபதாவது கட்சி மாநாட்டிற் குருஷேவ் பேசிய பின்னர், கொல்லப்பட்டவர்கள் குற்றமற்றவர்கள் என்ற அறிவித்தல்கள் ஆயிரக்கணக்கான வீடுகளுக்கு வரத்தொடங்கின. ஒரு துண்டுக் கடதாசி, ஒரு முத்திரை. ஹங்கேரியிலும், 1949 இல் பொய் வழக்கில் தூக்கிலிடப்பட்ட லாஸ்லோ ராய்க்கின் உடல் 1956 ஒக்டோபர் 6 ஆம் திகதி பெருங்கூட்டத்தின் முன் மீண்டும் அடக்கம் செய்யப்பட்டது. பதினேழு நாட்களின் பின் புடாபெஸ்டில் எழுச்சி வெடித்தது. படத்தில் யூலி அப்பொழுது மொஸ்கோவில் இருக்கிறாள். எல்லைகள் மூடப்பட்டுவிட்டதால் தன் நகருக்குத் திரும்ப முடியாது தவிக்கிறாள்.

1990 இல் வந்த மூன்றாம் பாகம் எழுச்சியின் பின் நிகழ்ந்ததைச் சொல்வது. அதில் யானோஷ் தூக்கிலிடப்படுகிறான். தடைகள் நீங்கிய காலத்தில் எடுக்கப்பட்ட இப்படம் முதற்படத்தின் உயரத்தை எட்டவில்லை என்பது எமது கருத்து. முதற்படத்திற் சொல்ல முடியாதவை முகங்களில் தங்கி நின்றன. மூன்றாவதில் எல்லோரும் நிறையப் பேசிவிடுகிறார்கள். கட்டுப்பாடு கலைக்கு நன்மை என்று எவரும் இதிலிருந்து முடிவு கட்டிவிட வேண்டாம். அவ்வாறு பேசும் கனவான்களை நாம் அறிவோம். அவர்களைத் தணிக்கை அதிகாரியின் வாசலில் இரண்டு ஆண்டுகள் நிறுத்திவைத்தால் வேறு விதமாகப் பேசுவார்கள்.

ஆட்சி மாறியபின் கிழக்கு ஐரோப்பியக் கலைஞர் பலர் பழைய நம்பிக்கைகளை உதறித் தள்ளியதோடு, தொழிலாளரையும் மறந்துவிட்டனர். மேசாரோஸைப் பற்றி அவ்வாறு கூற முடியாது. தொண்ணூறை எட்டும் வயதிலும், 2017 இல், தாய் மகளிடம் மறைத்த பிறப்பு இரகசியமொன்றைப் பற்றி 'வடதுருவ ஒளி' என்ற படத்தை எடுத்தார். பழைய கேள்விதான், இப்பொழுது முதுமையின் குரலில். ஐரோப்பியத் திரைப்படக் கழகம் 2021 இல் வாழ்நாட் சாதனை விருதை வழங்கியது. பெண்ணியவாதி என்ற அடைமொழியை மேற்கத்திய விமரிசகர் அவருக்கு நீண்ட நாட்களாகவே சூட்டிவந்தனர். அவர் அதனை முழுமனத்தோடு ஏற்கவில்லை. தம்மை எந்தப் பட்டியலிலும் சேர்க்கவிடாத ஒரு பிடிவாதம், பட்டியல்களாற் பாதிக்கப்பட்டவருக்கு இருப்பதில் வியப்பில்லை.

இன்னும் ஒரு படம் எஞ்சியுள்ளது. 1956 எழுச்சியின்போது பிரதமராயிருந்த இம்ரே நாகி, 1958 யூன் 16 ஆம் திகதி தூக்கிலிடப்பட்டார். அவருடைய உடல் புடாபெஸ்ட் மயானத்தின் 301 ஆம் பகுதியில் அடையாளமின்றிப் புதைக்கப்பட்டது. சரியாக 31 ஆண்டுகளின் பின், 1989 இல் அதே நாளிலே தான், இலட்சக்கணக்கான மக்கள் கூடி அவரை முறைப்படி அடக்கம் செய்தனர். நாகியும் ஒரு கொம்யூனிஸ்ட். கருணை மனுக் கேட்க மறுத்தே மடிந்தார். அவருடைய இறுதி நாட்களை மேசாரோஸ் 2004 இல் 'அடக்கம் செய்யப்படாதவர்' என்று படமாக்கினார். நாகியாக நடிக்க ஹங்கேரியிலேயே எத்தனையோ நடிகர்கள் இருந்தனர். ஆயினும் அவர் போலந்திலிருந்து யான் நொவிட்ஸ்கியையே அழைத்தார். கற்குழியில் நின்று வெண்கல் செதுக்கிய அந்தத் தகப்பனின் முகம், இருபது ஆண்டுகள் முதிர்ந்து, இம்முறை தூக்குமரத்தை நோக்கி நடந்தது.